பங்காளிக் கணக்கில் வராதவர்கள்

சம்பந்தம் பேசப் போகும் வீட்டில் காபி வருவதற்கு முன்பே ஒரு கேள்வி வந்துவிடும்: "உங்களுக்குக் குலதெய்வம் எதுங்க?" இரண்டு வீட்டுக்கும் ஒரே தெய்வம் என்று தெரிந்தால் பேச்சு அங்கேயே நின்றுவிடும். அவர்கள் பங்காளிகள், பையனும் பெண்ணும் அண்ணன் தங்கை முறை. தெய்வம் வேறு என்றால் மாமன் மச்சான் முறை, மேற்கொண்டு பேசலாம். பள்ளிக்கூடத்துப் பக்கமே போகாத பாட்டிகூட இந்தக் கணக்கில் தவறுவதில்லை. எப்போதோ பிழைப்புத் தேடி நாலு திசைக்கும் பிரிந்துபோன குடும்பங்களை மாசி மாதத்துச் சிவராத்திரி வருஷத்துக்கு ஒருமுறை ஒரே கோயில் வாசலில் கொண்டுவந்து நிறுத்துகிறது. அவர்களில் பாதிப் பேருக்கு அடுத்தவர் பெயர் தெரியாது. ஆனால் முறை தெரியும்.

எழுத்தில் இல்லாத பதிவேடு இது. இதில் பதிவாவது யார் என்று கொஞ்சம் நிதானமாகப் பார்த்தால் அப்பா, அப்பாவின் அப்பா, அவருடைய அப்பா என்று ஒற்றைக் கோடாக ஏறிப்போகும். மகள் கல்யாணமாகிப் புருஷன் வீட்டுத் தெய்வத்துக்கு மாறிவிடுவாள். அவள் பிள்ளைகளும் அந்தக் கணக்கில் போய்ச் சேர்ந்துவிடுவார்கள்.

இதே ஒற்றைக் கோட்டை உயிரியல் ஒய் குரோமோசோம் என்ற சிறிய துண்டில் வைத்திருக்கிறது. ஆணின் செல்களில் இருக்கும் இந்தக் குரோமோசோம் அப்பாவிடமிருந்து மகனுக்கு மட்டுமே போகும். மற்ற குரோமோசோம்கள் இணை இணையாக இருப்பவை; அடுத்த தலைமுறைக்குப் போகும்முன் தம் இணையோடு துண்டுகளை மாற்றிக்கொள்பவை. ஒய்க்குச் சரியான இணை கிடையாது. இரண்டு நுனிகளில் மட்டும் எக்ஸ் குரோமோசோமோடு கொஞ்சம் கொடுக்கல் வாங்கல் உண்டு. மீதி முழுவதும் அப்படியே நகலாகி இறங்குகிறது. நகலெடுக்கும்போது அவ்வப்போது ஓர் எழுத்து பிசகும். அந்தப் பிசகும் அடுத்த மகனுக்குப் போகும். இந்தப் பிசகுகளை அடையாளமாக வைத்துத்தான் எந்த இரண்டு ஆண்கள் எவ்வளவு காலத்துக்கு முன் ஒரே தகப்பனிடமிருந்து பிரிந்தார்கள் என்று கணக்கிடுகிறார்கள். இடையில் தத்து எடுத்தலோ வேறு ரகசியங்களோ நுழைந்திருக்காவிட்டால், ஒரே குலதெய்வத்தைக் கும்பிடும் பங்காளிகள் ஒரே ஒய் குரோமோசோமின் நகல்களைச் சுமப்பார்கள்.

பெருமைப்படலாம்தான். ஆனால் ஒரு மனிதருக்கு அப்பா, அம்மா ஒவ்வொருவரிடமிருந்தும் வரும் டி.என்.ஏ. எழுத்துகள் சுமார் 310 கோடி. அப்பா தரும் பங்கில் ஒய்யின் நீளம் சுமார் 6 கோடி, அதாவது நூற்றில் இரண்டு. நாம் "எங்கள் வம்சம்" என்று சொல்லும்போது அந்த இரண்டைத்தான் பேசிக்கொண்டிருக்கிறோம்.

மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் நோயெதிர்ப்பியல் பேராசிரியராக இருந்த ஆர்.எம். பிச்சப்பன், தென்மாவட்டக் கிராமங்களில் இரத்த மாதிரிகள் சேகரித்து மக்களின் மரபணு வேறுபாடுகளை ஆராய்ந்தவர். அமெரிக்க மரபியலாளர் ஸ்பென்சர் வெல்ஸுடன் சேர்ந்து செய்த ஆய்வில், மதுரைக்கு மேற்கே ஒரு கிராமத்து இளைஞரின் ஒய் குரோமோசோமில் எம்130 என்ற பழைய அடையாளம் கிடைத்தது. ஆஸ்திரேலியப் பழங்குடிகளிடமும் காணப்படும் அடையாளம் அது. ஆப்பிரிக்காவிலிருந்து கடலோரமாக நடந்து ஆஸ்திரேலியா வரை போன ஆதிமனிதர்களின் தடம் நம்மூரிலும் இருக்கிறது என்பதற்கு அது சான்று. 2000-களின் தொடக்கத்தில் ஆவணப்படமாகவும் வந்தது. கண்டுபிடிப்பு உண்மை, அருமையானது. ஆனால் பத்திரிகைகள் அதை "முதல் இந்தியர் கண்டுபிடிப்பு" என்று ஆக்கியபோதுதான் தடம் மாறியது. எம்130-இன் ஒரு கிளை மங்கோலியாவிலும் ஏராளமாக இருக்கிறது. அந்த மங்கோலியர்களை யாரும் முதல் இந்தியர் என்று சொல்லவில்லை. ஒருவருடைய தகப்பன் கோட்டில் பழைய முத்திரை ஒன்று இருப்பதால் அவர் மற்றவர்களைவிடப் பழையவர் ஆகிவிட மாட்டார். பக்கத்து வீட்டுக்காரருக்கும் அவருக்கும் முன்னோர் வரிசை ஒரே நீளம்தான். யாரும் நடுவில் முளைத்துவிடவில்லை. அந்த இளைஞருக்கே தகப்பன் கோட்டைத் தவிர இன்னும் ஆயிரக்கணக்கான கோடுகள் இருக்கின்றன. அவற்றைப் பற்றி எம்130 வாய் திறக்காது.

ஒற்றைக் கோட்டை நம்பினால் என்னென்ன விடுபட்டுப் போகும் என்பதற்கு நான் அறிந்த மிகச் சிறந்த சான்று ஐஸ்லாந்து. வட அட்லாண்டிக்கில் 4 லட்சம் பேர்கூட இல்லாத தீவு. கி.பி. 870-களில் மனிதர்கள் குடியேறத் தொடங்கினார்கள். யார் யார் வந்தார்கள், எந்தப் பள்ளத்தாக்கைப் பிடித்தார்கள் என்று சொல்லும் பழைய ஏடு ஒன்று அங்கே உண்டு. நானூறுக்கு மேற்பட்ட குடியேறிகளின் பெயர்கள் அதில் இருக்கின்றன. பெரும்பாலும் நார்வேயிலிருந்து வந்த ஆண்கள். ஐஸ்லாந்துக்காரர்களுக்கு நம்மைப்போலவே குடும்பப் பெயர் வழக்கம் கிடையாது. அப்பா பெயரைத்தான் பின்னால் போட்டுக்கொள்கிறார்கள். நாம் முதலெழுத்தோடு நிறுத்திக்கொள்கிறோம், அவர்கள் முழுப்பெயரையும் போடுகிறார்கள். ஆனால் அவர்கள் பிறப்பு, இறப்பு, கல்யாணம் எல்லாவற்றையும் பல நூற்றாண்டுகளாக எழுதி வைத்தார்கள். காரி ஸ்டெஃபான்சன் 1996-இல் தொடங்கிய டிகோட் ஜெனெடிக்ஸ் நிறுவனம் அந்த ஏடுகளையெல்லாம் ஒரே தரவுத்தளமாகச் சேர்த்தது. இன்று எந்த ஐஸ்லாந்துக்காரரும் இன்னொருவர் தனக்கு எத்தனையாவது தலைமுறையில் சொந்தம் என்று வீட்டிலிருந்தே பார்த்துக்கொள்ளலாம். 2013-இல் மூன்று மாணவர்கள் இதற்கு ஒரு செயலி செய்தார்கள்: இரண்டு கைபேசிகளை ஒன்றோடொன்று தட்டினால் இருவரும் நெருங்கிய சொந்தமா என்று எச்சரிக்கும். நம் பாட்டிகள் செய்யும் வேலையைத்தான்.

இவ்வளவு கச்சிதமாகப் பதிவுசெய்த நாட்டில் மரபணுவைப் படித்தபோது ஏடு சொல்லாத ஒன்று தெரிந்தது. ஒய் குரோமோசோமைப் பார்த்தால் தகப்பன் கோடுகளில் முக்கால் பங்கு, அல்லது அதற்கும் மேல், ஸ்காண்டிநேவியாவுக்குப் போகிறது. ஏட்டோடு பொருந்துகிறது. தாயிடமிருந்து மட்டுமே இறங்கும் மைட்டோகாண்ட்ரியா டி.என்.ஏ.வைப் பார்த்தால் பாதிக்கும் மேற்பட்ட கோடுகள் அயர்லாந்துக்கும் ஸ்காட்லாந்துக்கும் போகின்றன. வைக்கிங்குகளின் நாடு என்று தன்னைச் சொல்லிக்கொண்ட தேசத்தின் ஆதித் தாய்மார்களில் பெரும்பாலோர் வைக்கிங் பெண்கள் இல்லை. வழியில் இருந்த தீவுகளிலிருந்து மனைவியாகவும் அடிமையாகவும் கொண்டுவரப்பட்டவர்கள். ஏடு எழுதியவர்கள் பொய் சொல்லவில்லை. அவர்கள் கணக்கில் அந்தப் பெண்கள் வரவில்லை, அவ்வளவுதான்.

மைட்டோகாண்ட்ரியா டி.என்.ஏ. மிகச் சிறியது: 16,569 எழுத்துகள். அம்மா, அம்மாவின் அம்மா, அவருடைய அம்மா என்று இதுவும் ஒற்றைக் கோடுதான். நம் வீடுகளில் இந்தக் கோட்டைச் சொல்லச் சொன்னால் பெரும்பாலோர் மூன்றாவது பெயரில் திக்கிவிடுவார்கள். ஆனால் இந்த இரண்டு கோடுகளையும் சேர்த்தாலும் கணக்கு முடியவில்லை. அப்பாவின் அம்மா எந்தக் கோட்டில் வருகிறார்? அம்மாவின் அப்பா? இரண்டிலுமே இல்லை.

கணக்கைப் போட்டுப் பார்ப்போம். பெற்றோர் 2, தாத்தா பாட்டிகள் 4, கொள்ளுத்தாத்தா கொள்ளுப்பாட்டிகள் 8. ஒவ்வொரு படிக்கும் இரட்டிப்பு. பத்தாவது தலைமுறையில் 1,024 பேர். தலைமுறைக்கு 28 வருஷம் என்று வைத்தால் இது கர்நாடகப் போர்கள் நடந்த காலம். அந்த 1,024 பேரில் ஒருவரைத்தான் குலதெய்வக் கணக்கு பின்தொடர்கிறது, மைட்டோகாண்ட்ரியா இன்னொருவரை. மீதி 1,022 பேர் யாருடைய கணக்கிலும் இல்லை. இருபதாவது தலைமுறையில் 10,48,576. முப்பதாவது தலைமுறையில், மூன்றாம் குலோத்துங்கன் ஆண்ட காலத்தில், 107 கோடி. அன்றைக்கு உலகம் முழுவதும் இருந்த மக்கள் 50 கோடியைத் தாண்டவில்லை என்பது மதிப்பீடு.

ஆக, கணக்கில் இருக்கும் இடங்களைவிட ஆட்கள் குறைவு. ஒரே ஆள் பல இடங்களில் உட்கார்ந்திருக்க வேண்டும். உங்கள் அப்பாவின் வழியில் வரும் ஒரு முப்பாட்டியே அம்மாவின் வழியிலும் வருவார். மேலே போகப் போக வம்ச மரம் விரிவதை நிறுத்திவிட்டுத் தன்னைத்தானே சுற்றிக்கொள்கிறது. ஐரோப்பாவில் இதைக் கணக்கிட்ட பீட்டர் ரால்ஃப், கிரஹாம் கூப் இருவரும், கண்டத்தின் இரண்டு கோடிகளில் இருப்பவர்களுக்குக்கூடக் கடந்த ஆயிரம் ஆண்டுகளுக்குள் பொதுவான முன்னோர் ஏராளமாக இருக்கிறார்கள் என்று 2013-இல் காட்டினார்கள்.

இன்னொரு விசித்திரமும் உண்டு. முன்னோர் என்பதற்காக அவருடைய டி.என்.ஏ. நம்மிடம் இருந்தாக வேண்டும் என்பதில்லை. விந்தணு உருவாகும்போது குரோமோசோம் இணைகள் சராசரியாக 26 இடங்களிலும், கருமுட்டை உருவாகும்போது 40-க்கும் மேற்பட்ட இடங்களிலும் வெட்டி ஒட்டப்படுகின்றன. நமக்கு வந்து சேர்ந்திருப்பது பல பழைய புடவைகளிலிருந்து வெட்டித் தைத்த ஒட்டுப்போர்வை. பத்துத் தலைமுறை பின்னால் போனால் அந்த ஒட்டுகளின் எண்ணிக்கை சுமார் 640 ஆகிறது. முன்னோர் 1,024 பேர். ஒருவருக்கு ஒன்று என்று பிரித்துக் கொடுத்தாலும் எல்லோருக்கும் பங்கு வராது. சிலருக்கு இரண்டு மூன்று போய்விடுவதால் பாதிக்கும் மேற்பட்டோருக்கு ஒன்றுமே இல்லை. பதினான்காவது தலைமுறையில் ஏறக்குறைய இருபதில் ஒருவருடைய துண்டுதான் நம்மிடம் மிஞ்சியிருக்கும். மற்றவர்கள் இல்லாவிட்டால் நாம் பிறந்திருக்கவே மாட்டோம். ஆனாலும் அவர்களுடைய எழுத்து ஒன்றுகூட நம் உடம்பில் இல்லை.

நான் இன்ன மன்னரின் வம்சம் என்று மேடையில் பேசுகிறவர்களை இனிமேல் மறுக்க வேண்டியதில்லை. ஆயிரம் வருஷத்துக்கு முந்தைய ஒருவருக்குச் சந்ததி தொடர்ந்திருந்தால் இன்றைக்கு லட்சக்கணக்கானவர்களுக்கு அவர் ஏதோ ஒரு வழியில் பாட்டனாகத்தான் இருப்பார். பேசுகிறவரின் உடம்பில் அவருடைய டி.என்.ஏ. இருக்க வாய்ப்பு மிகக் குறைவு என்பதை மட்டும் சொல்லிவைக்கலாம்.

இதுவரை சொன்ன கணக்கில் ஓர் அனுமானம் ஒளிந்திருக்கிறது: யாரும் யாரையும் மணக்கலாம் என்பது. நம் நாட்டில் அது பொருந்தாது. அப்படியானால் எப்போதிலிருந்து பொருந்தாமல் போனது? இந்தக் கேள்விக்குப் பதினைந்து வருஷத்துக்கு முன்புவரை நாம் சாத்திரங்களையும் கல்வெட்டுகளையும் வைத்து வாதாடிக்கொண்டிருந்தோம். இப்போது உடம்பையே கேட்க முடிகிறது.

ஹைதராபாத் சி.சி.எம்.பி. ஆய்வகத்தின் லால்ஜி சிங், குமாரசாமி தங்கராஜ் இருவரும் ஹார்வர்டின் டேவிட் ரைக் குழுவும் சேர்ந்து 2009-இல் 25 இந்தியச் சமூகங்களின் மரபணுவை ஒப்பிட்டார்கள். இந்தியாவில் இன்றைக்கு இருக்கும் பெரும்பாலான சமூகங்கள், பழங்காலத்தில் ஒன்றுக்கொன்று மிகவும் வேறுபட்டிருந்த இரண்டு பெரும் மக்கள்திரள்களின் கலப்பிலிருந்து வந்தவை என்று அவர்கள் சொன்னார்கள். கலப்பின் விகிதம் ஆளுக்கு ஆள், ஊருக்கு ஊர் மாறும். கலக்காதவர் என்று இந்தியப் பெருநிலத்தில் அவர்களுக்கு யாரும் கிடைக்கவில்லை. 2013-இல் பிரியா மூர்ஜானியும் அதே குழுவினரும் 73 சமூகங்களை எடுத்துக்கொண்டு கலப்பு நடந்த காலத்தைக் கணித்தார்கள். கலப்பு நடந்த பிறகு ஒவ்வொரு தலைமுறையிலும் வெட்டு ஒட்டு நடந்து துண்டுகள் சிறிதாகிக்கொண்டே போகும். துண்டின் நீளத்தை வைத்து எத்தனை தலைமுறை ஆயிற்று என்று சொல்லிவிடலாம். விடை: 4,200 ஆண்டுகளுக்கு முன்பிலிருந்து 1,900 ஆண்டுகளுக்கு முன்புவரை. ஏறக்குறைய இரண்டாயிரம் வருஷம் இந்தத் துணைக்கண்டத்தில் எல்லோரும் எல்லோரோடும் கலந்திருக்கிறார்கள். மேல் என்றும் கீழ் என்றும் பின்னால் அடுக்கப்பட்டவர்கள், காட்டில் தனித்திருந்ததாக நாம் நினைக்கும் பழங்குடிகள், யாரும் விலக்கில்லை. அதன்பிறகு ஒவ்வொரு கதவாக அடைபட்டது. பார்த்தா மஜும்தார் குழு 2016-இல் வேறு வழியில் கணக்கிட்டு, பல சமூகங்களில் சுமார் 70 தலைமுறைகளுக்கு முன், குப்தர் காலத்தையொட்டி, இந்த அடைப்பு நடந்ததாகச் சொன்னது. எல்லா ஊரிலும் ஒரே நாளில் பூட்டு விழவில்லை. ஆனால் விழுந்த பிறகு மிக இறுக்கமாகவே விழுந்திருக்கிறது.

என் கருத்தில் சாதியைப் பற்றி மரபியல் சொன்னவற்றிலேயே முக்கியமானது இதுதான். ஒரு சமூகத்தை இன்னொன்றிலிருந்து உயர்த்தியோ தாழ்த்தியோ காட்டும் எழுத்து எதுவும் டி.என்.ஏ.வில் கிடைக்கவில்லை. கிடைத்தது கதவுகளின் தேதி. ஆதியிலிருந்தே இப்படித்தான் என்ற பேச்சுக்கு அந்தத் தேதிகள் இடம் கொடுக்கவில்லை.

கதவு அடைபடுவதற்கு முன் கிடைத்த சொத்து ஒரு வகை, பின் கிடைத்தது வேறு வகை. இரண்டுக்கும் சான்று தமிழ்நாட்டிலேயே இருக்கிறது.

இதயத் தசைகள் சுருங்கி விரிய உதவும் புரதம் ஒன்றின் மரபணுவில் 25 எழுத்துகள் விடுபட்ட ஒரு வகை தெற்காசியர்களிடம் உண்டு. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் ஆய்வைத் தொடங்கிய பெருந்துறை தண்டபாணியும் பல நாட்டு ஆய்வாளர்களும் சேர்ந்து 2009-இல் அதை விரிவாக வெளியிட்டார்கள். தெற்காசியர்களில் 100-க்கு சுமார் 4 பேரிடம் இந்தக் குறை இருக்கிறது. நடுத்தர வயதுக்குப் பின் இதயத்தசை நோய் வரும் ஆபத்தை இது கூட்டுவதாக அந்த ஆய்வு சொன்னது. இது தனியாக எவ்வளவு கெடுதி செய்யும் என்பதைப் பின்னால் வந்த ஆய்வுகள் குறைத்தே மதிப்பிடுகின்றன. இந்தப் பிழையின் வயது சுமார் 33,000 ஆண்டுகள் என்று கணித்தார்கள். நோய் காட்டும் வயதுக்குள் பிள்ளை பெற்று முடித்துவிடுவதால் இயற்கைத் தேர்வு இதை வடிகட்டவில்லை. இது எந்த ஒரு சாதியின் சொத்தும் இல்லை. மொழி, மதம், எல்லைக்கோடு பார்க்காமல் பரவியிருக்கிறது. கதவுகள் திறந்திருந்த காலத்தின் பொதுச் சொத்து.

இரண்டாவதற்கு ஆப்பரேஷன் தியேட்டருக்குள் போக வேண்டும். மயக்க மருந்து கொடுக்கும்போது மூச்சுக்குழாயில் குழாய் செலுத்தத் தசைகளைத் தளர்த்துவார்கள். அதற்கு நெடுங்காலமாகப் பயன்படும் மருந்து ஸ்கோலின். உடம்பில் இருக்கும் ஒரு நொதி அதைச் சில நிமிஷங்களில் உடைத்துவிடும். நோயாளி தானே மூச்சுவிடத் தொடங்குவார். அந்த நொதி குறைவாக இருப்பவருக்கு மருந்து மணிக்கணக்கில் உடம்பில் நிற்கும். அதுவரை மூச்சுவிடும் தசைகளும் அசையாது; வென்டிலேட்டரில் வைத்துக் காப்பாற்ற வேண்டும். ஆரிய வைசியர் சமூகத்தில் இந்தக் குறைபாடு மற்றவர்களைவிட மிக அதிகம் என்பதை மருத்துவர்கள் அனுபவத்தில் கண்டிருந்தார்கள். கோவை பாரதியார் பல்கலைக்கழகத்தின் ஆய்வாளர்களும் வெளிநாட்டுக் கூட்டாளிகளும் 2006-இல் அதற்குக் காரணமான ஒற்றை எழுத்துப் பிழையைச் சுட்டிக்காட்டினார்கள். விவரம் தெரிந்த மயக்கவியல் மருத்துவர் இந்தச் சமூகத்தவர் என்றால் ஸ்கோலினைத் தவிர்த்து வேறு மருந்து எடுப்பார். சாதி கேட்பது நல்லதுக்காக அமையும் வெகு சில இடங்களில் ஆப்பரேஷன் தியேட்டரும் ஒன்று.

இது எப்படி நடந்தது? அந்தச் சமூகத்தவர் இன்று பல லட்சம் பேர். ஆனால் இரண்டாயிரம், மூவாயிரம் ஆண்டுகளுக்கு முன் மிகச் சிலராக இருந்து பெருகியிருக்கிறார்கள். அந்தச் சிலரில் யாரோ ஒருவரிடம் இந்தப் பிழை இருந்தது. நம் ஒவ்வொருவரிடமும் இப்படிச் சில பிழைகள் இருக்கின்றன. அம்மா தந்த பிரதி பழுதாக இருந்தாலும் அப்பா தந்த பிரதி வேலையைப் பார்த்துக்கொள்ளும். இரண்டும் ஒரே மாதிரி பழுதானால்தான் நோய். கதவு திறந்திருக்கும் ஊரில் அப்படி இரண்டு பழுது சந்திப்பது அரிது. அடைத்த வீட்டுக்குள் ஆதிமுன்னோர் ஒருவரின் பழுது தலைமுறை தலைமுறையாகப் பெருகி, எங்கே திரும்பினாலும் அதுவே எதிர்ப்படும்.

ஒரு சமூகத்தைப் பெயர் சொல்லிக் காட்டியதால் மற்றவர்கள் நிம்மதி அடைய வேண்டாம். 2017-இல் வெளியான ஆய்வில் தெற்காசியாவின் 260-க்கும் மேற்பட்ட சமூகங்களைப் பார்த்தார்கள். ஃபின்லாந்துக்காரர்களும் கிழக்கு ஐரோப்பிய யூதர்களும் இப்படிச் சிலரிலிருந்து பெருகியவர்களுக்குப் பாடப்புத்தக உதாரணங்கள். அவர்களைவிடத் தீவிரமான நிலையில் 81 சமூகங்கள் இங்கே இருந்தன. அவற்றில் 14 சமூகங்களின் மக்கள்தொகை 10 லட்சத்துக்கும் மேல். "நாங்கள் சொந்தத்துக்குள் கட்டுவதில்லை, அந்நியத்தில்தான் எடுப்போம்" என்று சொல்கிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். சாதிக்குள் எடுத்த அந்நியம், மரபணுக் கணக்கில் பல நேரம் தூரத்துச் சொந்தம்தான்.

நெருங்கிய சொந்தத்துக்கும் நாம் பின்வாங்குவதில்லை. 2019–21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பில் இரத்த உறவில் மணந்த பெண்கள் இந்திய அளவில் 11 சதவீதம், தமிழ்நாட்டில் 28. நாட்டிலேயே நாம்தான் முதலிடம்.

இங்கே நம் முறைக்கணக்கும் மரபணுக் கணக்கும் மோதிக்கொள்ளும் இடம் ஒன்று உண்டு. சித்தப்பா மகளைத் தங்கை என்கிறோம்; மணப்பதை நினைத்தாலே உடம்பு கூசும். மாமன் மகளை உரிமைப்பெண் என்கிறோம். இரண்டு பேரோடும் நாம் பகிரும் டி.என்.ஏ. சராசரியாகச் சரிசமம்: எட்டில் ஒரு பங்கு. முறை பார்ப்பதால் விலகுவது ஒய் குரோமோசோம் கோடு மட்டும்தான். அக்காள் மகளோடு பகிர்வது அதைப்போல இரண்டு மடங்கு, நாலில் ஒரு பங்கு. ஒரே ஒரு சலுகை அத்தை மகளுக்கு: மாப்பிள்ளை தன் எக்ஸ் குரோமோசோமைத் தன் அம்மாவிடமிருந்துதான் பெறுகிறார், அத்தை அப்பா வீட்டுப் பெண், ஆகவே எக்ஸ் அளவில் மட்டும் அந்தச் சொந்தம் பிள்ளைகளைத் தொடுவதில்லை. மாமன் மகளுக்கு இந்தச் சலுகை கிடையாது.

ஆபத்து எவ்வளவு? எந்தத் தம்பதிக்கும் பிறவிக் குறையோடு குழந்தை பிறக்கும் வாய்ப்பு 100-க்கு 3 அளவில் இருக்கிறது. அத்தை பிள்ளையும் மாமன் பிள்ளையும் மணந்தால் அதோடு மேலும் 2 அல்லது 3 கூடும். பெரும்பாலான குழந்தைகள் நன்றாகத்தான் பிறக்கும் என்பதும் உண்மை, ஆபத்து ஏறக்குறைய இரட்டிப்பாகிறது என்பதும் உண்மை. "எங்க வீட்ல நாலு தலைமுறையா சொந்தத்துலதான், ஒண்ணும் ஆகலையே" என்கிறவருக்குப் பதில், நாலு தலைமுறையாகச் செய்வதுதான் சிக்கல் என்பது. ஸ்பெயினை ஆண்ட ஹாப்ஸ்பர்க் அரச வம்சம் இருநூறு ஆண்டுகள் சொத்து வெளியே போகாமல் இருக்கச் சொந்தத்திலேயே எடுத்தது. கடைசி மன்னர் இரண்டாம் சார்லஸின் அப்பா மணந்தது தன் தங்கை மகளை. அதனால் சார்லஸுக்கு அப்பா வழித் தாத்தா பாட்டியே அம்மா வழியில் கொள்ளுத்தாத்தா கொள்ளுப்பாட்டியும் ஆனார்கள். பெற்றோரின் இரத்த நெருக்கத்தைப் பிள்ளையில் அளக்கும் உள்மணக் குணகம் அவருக்கு 0.254 என்று 2009-இல் ஸ்பானிய ஆய்வாளர்கள் கணக்கிட்டார்கள். உடன்பிறந்த அண்ணனும் தங்கையும் பெற்ற பிள்ளைக்கே அது 0.25-தான். சார்லஸ் பேசவும் நடக்கவும் தாமதமானவர், வாழ்நாள் முழுக்க நோயாளி. இரண்டு கல்யாணம் செய்தும் வாரிசில்லாமல் 1700-இல், 38 வயதில் இறந்தார். அவருக்குப் பின் யார் என்ற சண்டையில் ஐரோப்பா பதின்மூன்று வருஷம் போரிட்டது.

பரம்பரை தந்த பழுதைத் தெரிந்துகொண்டு ஒரு சமூகம் என்ன செய்ய முடியும் என்பதை நியூயார்க்கின் புரூக்ளின் யூதர்கள் செய்துகாட்டினார்கள். கிழக்கு ஐரோப்பிய யூதர்களிடம் டே-சாக்ஸ் என்ற கொடிய நோய் அதிகம். ஏறக்குறைய முப்பதில் ஒருவர் அந்தப் பழுதைச் சுமக்கிறார். இரண்டு பிரதியும் பழுதான குழந்தை சில மாதங்களில் தளர்ந்து, பார்வை இழந்து, நாலைந்து வயதுக்குள் இறந்துவிடும். நான்கு குழந்தைகளை இந்த நோய்க்குப் பறிகொடுத்த ரபி யோசெஃப் எக்ஸ்டைன் 1983-இல் டோர் யெஷோரிம் என்ற அமைப்பைத் தொடங்கினார். பெரியவர்கள் பேசி முடிக்கும் கல்யாணங்கள் நடக்கும் சமூகம் அது. பழுது இருப்பதாக வெளியே தெரிந்தால் குடும்பத்துக்கே வரன் வராது. ஆகவே பள்ளி வயதிலேயே எல்லோரிடமும் இரத்தம் எடுத்து ஒரு எண் மட்டும் கொடுத்தார்கள். சம்பந்தம் பேசும்போது இரு வீட்டாரும் இரண்டு எண்களைச் சொல்லிக் கேட்பார்கள். பொருந்தும் அல்லது பொருந்தாது என்று பதில் வரும். யாரிடம் பழுது என்ற பேச்சே எழாது. 1970-களிலிருந்து நடந்த பரிசோதனைகளும் இதுவும் சேர்ந்து, வட அமெரிக்க யூதர்களிடம் அந்த நோயோடு பிறக்கும் குழந்தைகளை 90 சதவீதத்துக்கும் மேல் குறைத்துவிட்டன.

பேசி முடிக்கும் கல்யாணம், வெளியே தெரிந்தால் அவமானம், சமூகத்துக்குள்ளேயே வரன். நமக்கு இதில் எது அந்நியம்? இந்தியாவின் 10,000 பேரின் மரபணுவை முழுமையாகப் படித்த ஜீனோம் இந்தியா திட்டத்தின் தரவு 2025 ஜனவரியில் ஆய்வாளர்களுக்குத் திறக்கப்பட்டிருக்கிறது. எந்தச் சமூகத்தில் எந்தப் பழுது அதிகம் என்ற பட்டியல் இனி மெல்ல மெல்ல நிறையும். அதை நோய் தடுக்கப் பயன்படுத்தப் போகிறோமா, சங்கக் கூட்டங்களில் பெருமை பேசப் பயன்படுத்தப் போகிறோமா என்பது மரபியலாளர்கள் கையில் இல்லை. பெருமை பேசத்தான் முதலில் பயன்படும் என்பது என் சந்தேகம்.

அதற்குள் நீங்கள் செய்யக்கூடியது ஒன்று இருக்கிறது. வீட்டில் வயதானவர்கள் இருந்தால் ஒரு நோட்டை எடுத்துக்கொண்டு உட்காருங்கள். பங்காளிகளின் பெயர்கள் எப்படியும் கிடைத்துவிடும். பாட்டியின் அம்மா பெயர் என்ன, எந்த ஊரிலிருந்து வந்தார், யார் யாரைக் கட்டினார்கள், எந்த வீட்டில் குழந்தைகள் சின்ன வயதிலேயே தவறின, யாருக்கு நாற்பது வயதில் நெஞ்சுவலி வந்தது, ஆப்பரேஷனில் யாருக்கு மயக்கம் தெளியாமல் தொல்லையானது என்று கேட்டு எழுதுங்கள். அந்த நோட்டை மருத்துவரிடம் காட்டுங்கள். உங்கள் வீட்டில் கல்யாணப் பேச்சு நடந்தால், சொந்தமோ அந்நியமோ, தலசீமியாப் பரிசோதனை இரண்டு பேருக்கும் செய்யச் சொல்லுங்கள். இந்தியாவில் 100-க்கு 3 அல்லது 4 பேர் எந்த அறிகுறியும் இல்லாமல் அந்தப் பழுதைச் சுமக்கிறார்கள். இருவரும் சுமப்பவர்களானால் ஒவ்வொரு பிரசவத்திலும் நாலில் ஒரு பங்கு ஆபத்து. சுமப்பவரா இல்லையா என்பது பிறப்போடு முடிவாகிவிட்ட விஷயம். அதைத் தெரிந்துகொள்ள ஓர் இரத்தப் பரிசோதனை போதும்.